திறவுகோல் யாருடையது?

கணிப்பொறி இல்லாத படிப்பு இன்று அரிது. வரலாறு பயிலும் மாணவனும் தன் கட்டுரையைத் தட்டச்சு செய்தே தர வேண்டியிருக்கிறது. அதற்கு மென்பொருள் வேண்டும். மென்பொருளைத் திறக்க ஒரு திறவுகோல் வேண்டும். விண்டோஸுக்கு அது ஐந்தைந்தாகப் பிரித்த 25 எழுத்துகளும் எண்களும் கொண்ட ஒரு குறியீடு.

"சும்மா கிடைப்பதற்கு ஆயிரக்கணக்கில் ஏன் கொடுக்க வேண்டும்?" என்று நண்பர்கள் கேட்கிறார்கள். கேள்வி புதிதன்று. தம் நிரலைப் பலரும் விலை கொடாமல் படியெடுக்கிறார்கள் என்று 1976-லேயே பில் கேட்ஸ் பகிரங்கக் கடிதம் எழுதினார். நியாயம் அவர் பக்கமா, ஏழை மாணவன் பக்கமா என்று பட்டிமன்றமே நடத்தலாம். நான் கேட்பது வேறு: கள்ளத் திறவுகோல் உண்மையில் யாருடைய வீட்டைத் திறக்கிறது?

'கிராக்' நிரலை இயக்குமுன் வைரஸ் தடுப்பை அணைத்துவிடு என்று அதனோடு வரும் குறிப்பே சொல்வதுண்டு. காவல்காரனை அனுப்பிவிட்டுக் கதவைத் திறந்துவை என்பவன் நண்பனா? கேஎம்எஸ்பிகோ என்ற கள்ளக் கருவியோடு பரவிய நிரலில் கிரிப்ட்பாட் ஒளிந்திருந்ததை 2021-இல் ஆய்வாளர்கள் கண்டறிந்தனர். உலாவியில் சேமித்த கடவுச்சொற்களைத் திருடுவது அதன் தொழில். நம் உதவித்தொகை வந்து சேரும் வங்கிக் கணக்கும் ஒரு கடவுச்சொல்லை நம்பித்தானே இருக்கிறது?

சட்டமும் உறங்கவில்லை. திருட்டு நகல் என்று அறிந்தே பயன்படுத்துவோருக்கு 3 ஆண்டு வரை சிறை விதிக்க, 1957-ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டத்தின் 63பி பிரிவு இடம் தருகிறது.

வாங்குவதானால் உருவாக்கிய நிறுவனத்திடமோ அதன் அங்கீகாரம் பெற்ற விற்பனையாளரிடமோ வாங்குவோம், ரசீது கேட்போம். குறியீட்டைப் படம்பிடித்துப் பிறருக்கு அனுப்பாதிருப்போம். நம்ப முடியாத மலிவில் விற்கும் குறியீடுகளில் பல, ஏதோ ஓர் அலுவலகத்துக்கு மொத்தமாக வழங்கப்பட்டவை. நிறுவனம் அறிந்தால் முடக்கிவிடும். கொடுத்த பணமும் போகும்.

பணமில்லையா? அப்போதும் திருடத் தேவையில்லை. 1991-இல் லினஸ் டோர்வால்ட்ஸ் தொடங்கிய லினக்ஸும், 2010-இல் பிறந்த லிப்ரே ஆபிஸும் திறவுகோலே கேட்பதில்லை. இரண்டிலும் தமிழில் எழுதலாம். வேர்டு கோப்பாகவும் சேமித்துத் தரலாம்.

எனவே, "திருடாதே" என்று மாணவனுக்கு உபதேசிப்பது மட்டும் போதாது என்பதே என் கருத்து. இவற்றை நம் கல்லூரிகளின் கணிப்பொறிக் கூடங்களில் முதலாண்டிலேயே கற்பிக்க வேண்டும். நல்வழியைக் காட்டிவிட்டால், கள்ளக் கதவைத் தட்ட மாணவனுக்கு என்ன அவசியம்?