இரத்தம் சிந்தாத புரட்சி என்று பாடுகிறவர்களிடம் ஒரு கேள்வி

பிப்ரவரி மாதம் வந்துவிட்டால் நம் தொண்டு நிறுவன வட்டாரத்தில் ஒரு பாட்டு சுற்றத் தொடங்கிவிடும். பிலிப்பைன்ஸ் நாட்டுப் பாட்டு. 'ஹன்டோக் நங் பிலிப்பினோ சா முண்டோ'. பிலிப்பினோக்கள் உலகுக்கு அளிக்கும் பரிசு என்று பொருள். மனித உரிமைப் பயிற்சி முகாம்களில் இதைக் காணொளியாகப் போடுவார்கள். டாங்கிகளுக்கு முன்னால் ஜெபமாலையோடு மண்டியிடும் கன்னியாஸ்திரிகள், சிப்பாய்களுக்குப் பூ நீட்டும் பெண்கள், மஞ்சள் கொடிகள். "ஒரு சொட்டு இரத்தம் சிந்தாமல் சர்வாதிகாரியை விரட்டினார்கள்" என்று பயிற்சியாளர் சொல்வார். நாமும் கைதட்டுவோம்.

சில வருடங்களுக்கு முன்பு அப்படி ஒரு முகாமில் நானும் கைதட்டினேன். பக்கத்தில் இருந்த அக்கா கைதட்டவில்லை. விவசாயக் கூலி வேலை செய்பவர். கையைத் தூக்கி, "அப்புறம் அந்த ஊர்ல கூலிக்காரங்களுக்கு நிலம் கெடச்சுதா சார்?" என்று கேட்டார். பயிற்சியாளரிடம் பதில் இல்லை. சமூகவியல் படித்த என்னிடமும் இல்லை. பிறகு தேடிப் படித்தேன். அந்த அக்காவுக்குச் சொல்ல வேண்டிய பதில்தான் இது.

முதலில் நியாயமாகப் பேசிவிடுவோம். 1986 பிப்ரவரி 22 முதல் 25 வரை மணிலாவின் எட்சா நெடுஞ்சாலையில் லட்சக்கணக்கான மக்கள் திரண்டது உண்மை. ராணுவம் அவர்கள்மேல் டாங்கியை ஏற்ற மறுத்ததும் உண்மை. பெர்டினாண்ட் மார்க்கோஸ் ஹவாய்க்கு ஓடினார், கொரசோன் அக்கினோ அதிபரானார். அந்த வெற்றிக்காக ஜிம் பரேடெஸ் எழுதியதுதான் இந்தப் பாட்டு. அமைதி வழியில் விடுதலை பெற முடியும், அதுவே உலகுக்கு எங்கள் பரிசு என்பது அதன் சாரம். அந்த நான்கு நாட்களில் தெருவில் நின்றவர்களின் துணிச்சலை நான் குறைத்துப் பேசவில்லை. என் சண்டை 'இரத்தம் சிந்தாத' என்ற சொல்லோடு.

யாருடைய இரத்தம் சிந்தவில்லை?

அதற்கு ஐந்தே மாதங்களுக்கு முன்பு, 1985 செப்டம்பர் 20 அன்று, நீக்ரோஸ் தீவில் எஸ்கலான்டே என்ற ஊரில் கரும்புத் தோட்டத் தொழிலாளர்களும் விவசாயிகளும் மாணவர்களும் ராணுவச் சட்டத்தை எதிர்த்துக் கூடினார்கள். போலீசும் துணைப்படையும் சுட்டதில் 20 பேர் செத்தார்கள். 1980 ஏப்ரலில் சிக்கோ ஆற்றின் குறுக்கே அணை கட்டுவதை எதிர்த்த கலிங்கா பழங்குடித் தலைவர் மக்லி-இங் டுலாக் ராணுவத்தினரால் சுட்டுக் கொல்லப்பட்டார். மார்க்கோஸ் ஆட்சியில் உரிமை மீறலுக்கு ஆளானவர்கள் என்று பிலிப்பைன்ஸ் அரசே அமைத்த வாரியம் ஏற்றுக்கொண்டவர்கள் மட்டும் 11,103 பேர். சர்வாதிகாரத்தை அரித்து அரித்துப் பலவீனமாக்கியது இவர்களுடைய இரத்தம். கடைசி நான்கு நாட்களை மட்டும் வெட்டி எடுத்துச் சட்டம் போட்டு மாட்டினால் புரட்சி சுத்தமாகத்தான் தெரியும்.

அதற்குப் பிறகாவது நின்றதா? அக்கினோ பதவியேற்றுப் பதினோரு மாதம்கூட முழுதாக ஆகவில்லை. 1987 ஜனவரி 22 அன்று ஆயிரக்கணக்கான விவசாயிகள் நிலச் சீர்திருத்தம் கேட்டு அதிபர் மாளிகையை நோக்கி ஊர்வலம் போனார்கள். மெண்டியோலா பாலத்தருகே அரசுப் படைகள் சுட்டன. 12 பேர் இறந்ததாக அதிகாரபூர்வக் கணக்கு, 13 பேர் என்றார்கள் விவசாயிகள். குடும்பங்கள் இழப்பீடு கேட்டு வழக்குப் போட்டன. அரசின்மேல் வழக்குத் தொடர முடியாது என்று 1993இல் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. பூ வாங்கிக்கொண்ட துப்பாக்கி நிலம் கேட்டவனைப் பார்த்ததும் சுட்டது.

ஏன் நிலம் என்றதும் இவ்வளவு ஆத்திரம்? புதிய அதிபர் யார் வீட்டுப் பெண் என்று பாருங்கள். டார்லாக் மாகாணத்தில் அசியெண்டா லூயிசிட்டா என்ற கரும்புத் தோட்டம், 6,400 ஹெக்டேருக்கும் மேல், அவர் பிறந்த கொஹுவாங்கோ குடும்பத்துடையது. 1950களின் இறுதியில் அரசு நிறுவனங்களின் உதவியோடு வாங்கியது. பிற்பாடு சிறு விவசாயிகளுக்குப் பிரித்துக் கொடுக்க வேண்டும் என்பது நிபந்தனை. கொடுக்கவில்லை. மார்க்கோஸ் அரசு வழக்குப் போட்டது. பழிவாங்கத்தான் போட்டார், சந்தேகமில்லை. ஆனால் நிலத்தைக் கொடு என்று 1985இல் தீர்ப்பும் வந்தது. மேல்முறையீட்டில் இருந்த அந்த வழக்கை 1988இல் அக்கினோவின் அரசே திரும்பப் பெற்றுக்கொண்டது.

அதே 1988இல் நிலச் சீர்திருத்தச் சட்டம் வந்தது, உள்ளே ஒரு ஓட்டையோடு. நிலத்துக்குப் பதிலாகக் கம்பெனிப் பங்கு கொடுத்தால் போதும்! லூயிசிட்டா அந்த வழியாக நுழைந்துகொண்டது. தொழிலாளிக்குக் கையில் காகிதம், காலடியில் அதே பண்ணையாரின் மண். 2004இல் அவர்கள் வேலைநிறுத்தம் செய்தபோது, பிடித்தம் போக வாரத்துக்கு 9.50 பேசோதான் கைக்கு வருகிறது என்றார்கள். அந்த நவம்பர் 16 அன்று வேலைநிறுத்தப் பந்தலில் துப்பாக்கிச் சூடு, ஏழு பேர் சாவு. நிலத்தைப் பிரித்துக் கொடுக்கச் சொல்லி உச்ச நீதிமன்றத்தின் இறுதித் தீர்ப்பு வந்தபோது வருடம் 2012. எட்சா நடந்து 26 வருடம் கழித்து.

இதையெல்லாம்விட நம் தோழர்கள் கவனிக்க வேண்டிய சம்பவம் 2001இல் நடந்தது. எட்சாவில் நினைவாக ஒரு மாதா ஆலயம் கட்டியிருக்கிறார்கள். இந்தப் பாட்டின் வரிகளை அங்கே சுவரில் பொறித்தும் வைத்திருக்கிறார்கள். 2001 ஜனவரியில் நடுத்தர வர்க்கம் அங்கே கூடி அதிபர் எஸ்ட்ராடாவை இறக்கியது. அதையும் மக்கள் சக்தி என்று கொண்டாடினார்கள். ஏப்ரலில் எஸ்ட்ராடா கைதானபோது மணிலாவின் குடிசைப் பகுதி மக்கள் அதே இடத்தில் பெருந்திரளாகக் கூடினார்கள். எஸ்ட்ராடா யோக்கியர் என்று நான் வாதாடவில்லை, பின்னாளில் ஊழல் வழக்கில் தண்டனை பெற்றவர். ஆனால் கூடிய ஏழைகளைப் பற்றி என்ன பேசினார்கள் தெரியுமா? நாற்றமடிக்கிறவர்கள், பல் இல்லாதவர்கள், படிக்காத கூட்டம், காசுக்கு வந்தவர்கள், ஆலயத்தை அசுத்தப்படுத்திவிட்டார்கள்.

இந்தச் சொற்களை எங்கே கேட்டோம் என்று சேரியில் பிறந்த யாருக்கும் விளக்க வேண்டியதில்லை. அங்கே சாதி இல்லை. ஆனால் தீட்டு இருக்கிறது. ஒரே சாலை, ஒரே ஆலயம். பணமும் படிப்பும் உள்ளவன் நின்றால் 'மக்கள்', குடிசைக்காரன் நின்றால் 'கும்பல்'. அப்படியானால் உலகுக்குப் பரிசு கொடுத்த அந்த 'நாங்கள்' யார்?

"இப்படிப் பேசினால் மார்க்கோஸ் கூட்டத்துக்குத்தானே லாபம்?" என்று நண்பர்கள் கேட்கிறார்கள். 2022இல் மார்க்கோஸின் மகன் 3 கோடியே 10 லட்சத்துக்கும் மேல் வாக்கு வாங்கி அதிபராகிவிட்டார். சர்வாதிகாரக் காலத்தைப் பொற்காலம் என்று பரப்பிய சமூக ஊடகப் பொய்களுக்கும் பணக்காரக் குடும்பங்களின் கூட்டணிக்கும் அதில் பெரிய பங்கு உண்டு. ஆனால் அந்தப் பொய் ஏன் ஒட்டிக்கொண்டது? விடுதலை வந்துவிட்டது என்று 36 வருடம் பாட்டுக் கேட்டவனின் வயலுக்கு அது வரவே இல்லை. பெருமையை மட்டும் பாடி, பாக்கியைப் பேசாமல் விட்டவர்கள்தான் மார்க்கோஸ் மகனுக்குக் கதவைத் திறந்து வைத்தார்கள்.

அண்ணல் அம்பேத்கர் 1949 நவம்பர் 25 அன்று அரசியல் நிர்ணய சபையில் எச்சரித்தது இதைத்தான். ஓட்டில் சமத்துவம், வாழ்க்கையில் ஏற்றத்தாழ்வு என்ற முரண்பாட்டை நீண்ட நாள் விட்டுவைத்தால், பாதிக்கப்பட்டவர்கள் அந்த ஜனநாயகத்தையே தகர்த்துவிடுவார்கள் என்றார். மணிலாவில் அதைத் தகர்க்க வெடிமருந்து தேவைப்படவில்லை. ஓட்டுச்சீட்டே போதுமாக இருந்தது.

பாட்டைப் போடாதீர்கள் என்று நான் சொல்லவில்லை. போடுங்கள். முடிந்ததும் விளக்கை எரியவிட்டு எஸ்கலான்டே, மெண்டியோலா, லூயிசிட்டா என்ற மூன்று ஊர்ப் பெயர்களைப் பலகையில் எழுதுங்கள். அங்கே செத்தவர்கள் என்ன கேட்டுச் செத்தார்கள் என்று பத்து நிமிடம் பேசுங்கள். அந்த அக்கா மாதிரி ஒருவர் எல்லா முகாமிலும் இருப்பார். நிலம் கிடைத்ததா என்று அவர் கேட்டால், இல்லை அக்கா, கேட்டவர்களைச் சுட்டார்கள் என்று உண்மையைச் சொல்லுங்கள்.

ஜெய்பீம்.