வெளியே நிற்பவனுக்கு அபராதம்

சட்டைப் பையிலிருந்து பத்து ரூபாயை ஒருவன் அடித்துக்கொண்டு போய்விட்டால், போலீஸ் ஸ்டேஷனில் பிராது கொடுக்க நமக்குச் செலவு கிடையாது. அந்தப் பத்து ரூபாயில் எட்டில் ஒரு பங்கை முதலில் கட்டு, பிறகு திருடனைப் பற்றிச் சொல் என்று எந்தச் சப்-இன்ஸ்பெக்டரும் கேட்பதில்லை. ஆனால் வீட்டையே ஒருவன் அமுக்கிக்கொண்டால்? "இது சிவில் சமாசாரம், கோர்ட்டுக்குப் போங்கள்" என்கிறார் அதே சப்-இன்ஸ்பெக்டர். கோர்ட்டு வாசலில் சர்க்கார் கையை நீட்டிக்கொண்டு நிற்கிறது. வீட்டின் விலை என்ன? அதில் நூற்றுக்கு இத்தனை எடுத்து வை. வைத்தால் உன் கஷ்டத்தைக் கேட்போம்.

காரைக்குடியில் இதைப் பேசுவதற்கு விசேஷமான நியாயம் உண்டு. பாட்டனாரோ முப்பாட்டனாரோ பர்மாத் தேக்கை இறக்கிக் கட்டிய வீடு. வளவைச் சுற்றி அறைகள். கல்யாணமான ஒவ்வொரு புள்ளிக்கும் ஒரு பங்கு. இன்று அந்த வீட்டுக்குப் பத்துப் பேர், இருபது பேர் பங்குதாரர்கள். ஒருவர் சென்னையில், ஒருவர் கோலாலம்பூரில், ஒருவர் எங்கே என்றே தெரியாது. சாவி மட்டும் ஊரில் இருக்கும் ஒருவரிடம். சாவி யாரிடமோ அவரிடம் வீடு. மற்றவர்களுக்குப் பத்திரத்தில் வீடு.

ஓர் ஆச்சி என்று வைத்துக்கொள்ளுங்கள். கணவர் காலமாகிவிட்டார். பத்தில் ஒரு பங்கு அவருடையது. படைப்புக்கு ஊருக்கு வருகிறார். கதவில் புதுப் பூட்டு. கொழுந்தனார், "உங்களுக்கு இங்கே என்ன இருக்கிறது, அண்ணி?" என்கிறார். ஆச்சி வக்கீலிடம் போகிறார்.

இங்கேதான் வேடிக்கை ஆரம்பிக்கிறது. 1955-ம் வருஷத்துக் கோர்ட்டுக் கட்டணம், தாவா மதிப்புச் சட்டத்தில் 37-வது பிரிவு பாகவழக்கைப் பற்றியது. அதில் இரண்டு உட்பிரிவுகளைப் பாருங்கள். சொத்துக் கூட்டுச் சுவாதீனத்தில் இருக்கிறது, நானும் அதில் இருக்கிறேன், என் பாகத்தைப் பிரித்துக் கொடுங்கள் என்று கேட்டால் நிலையான ஒரு சிறு கட்டணம். சட்டம் பிறந்தபோது அதன் உச்சவரம்பு 200 ரூபாய். என்னை வெளியே தள்ளிவிட்டார்கள், என் பாகத்தை மீட்டுக் கொடுங்கள் என்று கேட்டால், பாகத்தின் சந்தை விலை முழுவதற்கும் வீதக் கட்டணம். ஆச்சியின் பாகம் பத்து லட்சம் என்றால், பழைய ஏழரை சதவீதத்தில் 75,000 ரூபாய். 2017-ல் வீதத்தை மூன்று சதவீதமாகக் குறைத்தார்கள்; அதற்கு நன்றி சொல்ல வேண்டியதுதான். இப்போது 30,000 ரூபாய்.

குறைந்த அநியாயம் பட்டவனுக்குக் குறைந்த கட்டணம். முழு அநியாயம் பட்டவனுக்கு முழுக் கட்டணம்! உள்ளே உட்கார்ந்திருக்கும் கொழுந்தனார், "என்னைத் தொந்தரவு செய்யக் கூடாது" என்று வெறும் தடை உத்தரவு கேட்டு வந்தால், பெரும்பாலும் தாமே ஒரு மதிப்பைப் போட்டு அதற்குக் கட்டிவிட்டுப் போய்விடலாம். பூட்டுப் போட்டவருக்கு ஒரு விலை, பூட்டைப் பார்த்துக்கொண்டு நிற்பவருக்கு ஒரு விலை.

வக்கீல் என்ன செய்வார்? அவரும் பிழைக்கத் தெரிந்தவர்தான். "ஆச்சி, பூட்டு, சாவி என்றெல்லாம் பிராதில் எழுத வேண்டாம். கூட்டுச் சுவாதீனத்தில் இருப்பதாகவே போடுவோம்" என்பார். எதிர்த் தரப்பு உடனே எழுந்து, வாதி சுவாதீனத்தில் இல்லை, ஆகையால் கட்டணம் போதாது என்று ஆட்சேபம் கிளப்பும். வெளியே தள்ளியவரே, தாம் தள்ளியதைக் காட்டி லாபம் கேட்கிறார்! வழக்கின் உயிரான விஷயத்துக்கு வருமுன் இந்தக் கட்டணச் சண்டையிலேயே வருஷங்கள் கழிந்துவிடும்.

மிகையாகச் சொல்லவில்லை. 1980-ம் வருஷத்துத் தீர்ப்புத் தொகுப்புகளில் நீலாவதி எதிர் நடராஜன் என்ற வழக்கைப் பாருங்கள். இதே 37-வது பிரிவுதான். எந்த உட்பிரிவு என்ற ஒரே கேள்விக்காகத் தமிழ்நாட்டுக் குடும்பம் ஒன்று டில்லி வரை போக வேண்டியிருந்தது. சொத்தின் வருமானத்தைக் கொடுக்கவில்லை என்று எழுதினால் மட்டும் வெளியேற்றியதாகாது. கூட்டுச் சொந்தக்காரர் சட்டப்படி சுவாதீனத்தில் இருப்பதாகவே கொள்ள வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் சொல்லி, நிலையான கட்டணமே போதும் என்றது. நல்ல தீர்ப்பு. ஆனால் தெளிவாக 'வெளியேற்றினார்கள்' என்று பிராதில் எழுதிவிட்டால் இந்தத் தயவு கிடையாது. உண்மையைப் பட்டவர்த்தனமாகச் சொல்பவருக்கு அபராதம். மழுப்பத் தெரிந்தவருக்குச் சலுகை.

அதற்கு முன்பே, 1957-ல், சாத்தப்ப செட்டியார் எதிர் ராமநாதன் செட்டியார் வழக்கு. இருவருக்கும் பெயருக்கு முன்னால் நிற்கும் விலாச எழுத்துக்களைப் பார்த்தாலே எந்தச் சீமை என்று தெரிந்துவிடும். அதுவும் பாகவழக்கு, அதிலும் அப்பீலுக்கு எவ்வளவு கட்டணம் என்பதே உச்ச நீதிமன்றத்தின் முன் நின்ற கேள்வி. அது பழைய 1870-ம் வருஷச் சட்டத்தின் கீழ். லட்சக் கணக்கில் சொத்து உள்ளவர்கள் வாதாடிப் பார்க்கலாம். ஆச்சி எங்கே போவார்?

மதிப்புப் போடுவதிலும் கூத்துதான். 1955-ல் எழுதியபடி, ரயத்துவாரி நிலமானால் தீர்வையைப் போல முப்பது மடங்குதான் மதிப்பு. செட்டிநாட்டுச் செம்மண் புஞ்சைக்குத் தீர்வை எவ்வளவு? கணக்குப் பார்க்கவே கூச்சமாக இருக்கும். வீட்டுக்கும் மனைக்கும் அந்தச் சலுகை இல்லை, சந்தை விலை. வீட்டின் தூணும் நிலையும் கழற்றப்பட்டு முனீஸ்வரன் கோவில் தெருப் பழம்பொருள் கடைக்கு ஒவ்வொன்றாகப் போய்க்கொண்டிருந்தாலும், வெளியே நிற்பவர் முழு வீட்டின் விலையில்தான் பங்கைக் கணக்கிட்டுக் கட்ட வேண்டும்.

கட்டணம் இல்லாவிட்டால் வீண் வழக்குகள் பெருகும் என்பார்கள். இது 1795-ல் வங்காளத்தில் கம்பெனி சர்க்கார் சொன்ன சமாதானம். மெக்காலே அதைப் பிற்பாடு பரிகாசம் செய்துவிட்டார்: கட்டணம் பொய் வழக்கையும் மெய் வழக்கையும் பிரித்துப் பார்ப்பதில்லை, பணம் உள்ளவனையும் இல்லாதவனையும்தான் பிரிக்கிறது. 1958-ல் செதல்வாட் தலைமையிலான சட்டக் கமிஷனும், நீதி வழங்கி லாபம் பார்ப்பது சர்க்காருக்கு அழகல்ல என்ற கருத்தைத்தான் சொன்னது. ஜெயித்தால் செலவுத் தொகையோடு டிகிரி கிடைக்குமே என்பது இன்னொரு சமாதானம். கிடைக்கும், ஆச்சி அதுவரை இருந்தால்.

இலவசச் சட்ட உதவி இல்லையா? இருக்கிறது. 1987-ம் வருஷச் சட்டப்படி பெண்களுக்கு வருமான வரம்பே கிடையாது. இதை எத்தனை ஆச்சிமார்களுக்கு யார் போய்ச் சொன்னார்கள்? குடும்பம் குடியிருக்கும் வீட்டில், ஆண் வாரிசுகள் பிரித்துக்கொள்ளும்வரை பெண் பாகம் கேட்கவே கூடாது என்றிருந்த விதியை எடுக்கவே 2005 ஆயிற்று.

நான் கேட்பது பெரிய புரட்சி அல்ல. 37-ல் இரண்டு உட்பிரிவு வேண்டாம். உள்ளே இருந்தாலும் வெளியே இருந்தாலும் பாகவழக்குக்கு நிலையான கட்டணம் ஒன்றே போதும். சர்க்காருக்குப் பணம் வேண்டுமானால், விசாரணை முடிந்து, பூட்டுப் போட்டவர் இன்னார் என்று தீர்ந்த பிறகு அவரிடம் முழுக் கட்டணத்தையும் வாங்கிக்கொள்ளட்டும். இதற்குப் புதிய யந்திரம் எதுவும் தேவையில்லை. முன்பு 'பாப்பர்' வழக்கு என்று சொல்லி வந்தோமே, அதில் வாதி கட்டாமலே உள்ளே வருகிறார். ஜெயித்தால், எந்தக் கட்சிக்காரர் கட்ட வேண்டும் என்று டிகிரியிலேயே எழுதி, அவரிடம் சர்க்கார் வசூலித்துக்கொள்கிறது. அந்தப் பாக்கிக்கு வழக்குச் சொத்தே முதல் பொறுப்பு. சிவில் நடைமுறைச் சட்டத்தில் 33-வது கட்டளை, 10-வது விதி.