எது தீர்த்தம்?

ஆண்டுதோறும் மாசி மகத்தன்று ஸ்ரீமுஷ்ணத்துப் பூவராகசாமி தீர்த்தவாரிக்காகக் கிள்ளைக் கடலுக்கு எழுந்தருளுவதும், பாமர மக்கள் ஆயிரக்கணக்கில் அந்த உப்புத் தண்ணீரில் முழுகிப் பாபம் தொலைந்ததென்று வீடு திரும்புவதும் யாவரும் அறிந்ததேயாகும். தொலைந்த பாபம் எவ்வளவென்று இதுவரை அளந்து சொன்னவர் எவருமில்லை. ஆனால் அந்தத் தண்ணீரை அளந்தவர்கள் உண்டு. ஒரு லிட்டர் கடல் நீரில் ஏறக்குறைய 35 கிராம் உப்புகள் இருக்கின்றன. உப்புக் கரைசலில் மின்சாரத்தைச் செலுத்தினால் காஸ்டிக் சோடாவும் குளோரினும் கிடைக்கின்றன. முன்னது சோப்புக்கு உதவுகிறது. பின்னது குடிதண்ணீரிலுள்ள காலராக் கிருமியைக் கொல்லுகிறது. மாரியாத்தாளுக்குக் கூழ் ஊற்றிய காலத்திலெல்லாம் ஊர் ஊராய் மாண்டோம். குளோரினும் மருந்தும் வந்த பிறகுதான் அந்தச் சாவு குறைந்தது. இவ்விரண்டில் எது தீர்த்தம் என்று கேட்கின்றோம்.

இந்த மின் இரசாயன வித்தையை ஆராய்வதற்கென்றே காரைக்குடியில் ஒரு மத்திய நிலையம் இருக்கிறது. அது எந்த ரிஷியின் வரத்தாலும் முளைத்ததல்ல. செல்வர்கள் கும்பாபிஷேகத்துக்கு லட்சம் லட்சமாய்க் கொட்டி வந்த நாட்டில், திரு. அழகப்ப செட்டியார் அதற்காக 300 ஏக்கர் நிலமும் 15 லட்சம் ரூபாயும் கொடுத்தார். 1948 ஜூலை 25ல் பண்டித நேரு அஸ்திவாரக் கல் நாட்டினார். 1953 ஜனவரி 14ல் டாக்டர் இராதாகிருஷ்ணன் திறந்து வைத்தார். அன்று முதல் பாட்டரி, முலாம், துரு ஆகியவற்றைப் பற்றி அங்கே ஆராய்ச்சி நடந்து வருகிறது. உப்புக் காற்று இரும்பை எப்படித் தின்கிறதென்று அறிய மண்டபம் கடற்கரையிலும் சோதனை நிலையம் வைத்திருக்கிறார்கள். கிள்ளை மீனவரின் படகிலுள்ள ஆணியைத் தின்பதும் அதே துருதானே! எந்தத் தீர்த்தவாரியாவது அந்த ஒரு ஆணியைக் காப்பாற்றியதுண்டா?

"சாமி காரியமும் நடக்கட்டும், ஆராய்ச்சியும் நடக்கட்டுமே" என்பார்கள் சில நடுநிலைக்காரர்கள். ஒரே ரூபாயை இரண்டு இடத்தில் செலவழிக்க முடியுமா? படித்தவர்களே ஆயுத பூசையன்று இயந்திரத்துக்குச் சந்தனம் பூசுகிறார்கள். அது மறுநாள் நின்றுவிட்டால் பூசாரியையா கூப்பிடுகிறார்கள்? மெக்கானிக்கையல்லவா தேடி ஓடுகிறார்கள்!

கிள்ளைத் தோழர்களே! கடல் உங்களுடையது, அதன் உப்பும் உங்களுடையது. அதில் அடங்கிய சங்கதியை அறியும் அறிவு மட்டும் ஏன் மற்றவர்களுடையதாக இருக்க வேண்டும்? உங்கள் வீட்டுப் பெண்ணும் பையனும் அப்படிப்பட்ட ஆராய்ச்சிச் சாலைக்குள் நுழையும் நாளே உங்களுக்கு மாசி மகம். வரும் திருவிழாவுக்கு எடுத்து வைத்திருக்கும் பணத்தை அவர்களுடைய படிப்புக்குச் செலவழியுங்கள். போகட்டும் அந்தப் பாபம், தானாகவே போகட்டும்!