ஏழரை வருஷச் சனியும் இருபது வருஷக் கடனும்

சின்னமனூருக்குப் பக்கத்திலுள்ள குச்சனூருக்குச் சனிக்கிழமைதோறும் ஜனங்கள் கூட்டங்கூட்டமாகப் போவதும், ஆடி மாதத்துச் சனிக்கிழமைகளில் அங்கு நிற்க இடமில்லாமற் போவதும் நமது வாசகர்கள் அறியாததல்ல. போகிறவர்களை எதற்குப் போகிறீர்கள் என்று கேட்டால், ஏழரைச் சனி பிடித்திருக்கிறது, எள் விளக்குப் போட்டுக் கழித்துவிட்டு வருகிறோம் என்பதாகச் சொல்லுகின்றார்கள். கண்ணால் காணாத ஒரு சனிக்காக, ஏழரை வருஷமாயிற்றே என்று இவ்வளவு நடுங்கி, பஸ்சுக்குக் கொடுத்து, எண்ணெய்க்குக் கொடுத்து, அர்ச்சனைத் தட்டுக்குக் கொடுத்து வருகிற அதே மனிதர், அடுத்த திங்கட்கிழமை பாங்கிக்குப் போய், இருபது வருஷத்திற்குத் தம்மையும் தமது மனைவியையும் கட்டிப்போடுகிற ஐம்பது தாள்களில் ஒன்றையாவது படிக்காமல், காட்டின இடத்திலெல்லாம் கையெழுத்துப் போட்டுவிட்டு வருகிறாரே, இதைப்பற்றி எந்த ஜோசியனாவது அவரை எச்சரித்ததுண்டா என்று கேட்கின்றோம்.

வீடு கட்டுவது தப்பென்று நாம் சொல்ல வரவில்லை. வாடகை வீட்டில் எந்த ஜாதி என்று கேட்டு, என்ன சமைப்பாய் என்று கேட்டு, பின்பு கதவைச் சாத்துகிற இந்த நாட்டில் சொந்தமாக நான்கு சுவர் வேண்டுமென்று ஒருவன் நினைப்பது மானமுள்ள நினைப்பே ஆகும். பாங்கியில் கடன் வாங்குவதும் தப்பல்ல. கந்து வட்டிக்காரனிடமும் மீட்டர் வட்டிக்காரனிடமும் போவதைவிட அது ஆயிரம் மடங்கு மேல். நாம் கேட்பதெல்லாம், வாங்குகிற கடனின் முழு விலை என்ன என்று வாங்குகிறவனுக்குத் தெரிய வேண்டாமா என்பதுதான்.

சமீபத்தில் வாழைக்காய் மண்டியில் கணக்கு எழுதுகிற ஒரு தோழர் நம்மிடம் வந்து வெகு சந்தோஷமாக, "அண்ணே, இருபது வருஷக் கடனில் பத்து வருஷம் கட்டியாயிற்று. பாதிக் கிணறு தாண்டிவிட்டேன்" என்று சொன்னார். எத்தனை தார், எத்தனை சீப்பு, எவ்வளவு கழிவு என்று நாளெல்லாம் பைசா பிசகாமல் எழுதுகிற மனிதர் அவர். பாங்கியில் பாக்கி எவ்வளவு என்று கேட்டீர்களா என்றோம். பாதிதானே இருக்கும் என்றார். கேட்டுவிட்டு வாருங்கள் என்று அனுப்பினோம். திரும்பி வந்தவர் அன்று காப்பி கூடச் சாப்பிடவில்லை.

அவருடைய சொந்தக் கணக்கை இங்கு எழுதுவது நியாயமல்ல. ஆகையால் பொதுவாக ஒரு கணக்குப் போடுவோம். 20 லட்ச ரூபாய் கடன், வருஷத்திற்கு நூற்றுக்கு 8½ வட்டி, 20 வருஷத் தவணை. மாதம் கட்ட வேண்டியது 17,356 ரூபாய். முதல் மாதத்தில் இதில் 14,167 ரூபாய் வட்டிக்குப் போய்விடுகின்றது. அசலுக்குப் போவது 3,189 ரூபாய்தான். ஒரு வருஷம் முழுவதும் 2 லட்சத்து 8 ஆயிரம் கட்டினால் அசலில் கழிவது 40 ஆயிரத்திற்குச் சற்றுக் குறைவு. ஐந்து வருஷத்தில் 10 லட்சத்து 41 ஆயிரம் கட்டியும் பாக்கி 17 லட்சத்து 62 ஆயிரம். பத்து வருஷம் முடிந்து "பாதிக் கிணறு" தாண்டுகிற தினத்தில் கட்டிய தொகை 20 லட்சத்து 82 ஆயிரம். அதாவது வாங்கின கடனுக்கு மேலேயே கொடுத்தாகிவிட்டது. அன்றைக்கு இருக்கும் பாக்கியோ 14 லட்சம்! இருபது வருஷமும் ஒரு தவணை தவறாமல் கட்டி முடித்தால் கொடுத்தது மொத்தம் 41 லட்சத்து 65 ஆயிரம்.

இதில் பாங்கிக்காரன் திருடிவிட்டான் என்று யாரும் கருத வேண்டாம். மாதாமாதம் மீதியிருக்கிற அசலுக்குத்தான் வட்டி போடுகிறான். ஆரம்பத்தில் அசல் மலைபோல் இருப்பதால் வட்டி தவணையில் பெரும்பகுதியை விழுங்கிவிடுகின்றது. இவ்வளவுதான் சூட்சுமம். எட்டாம் வகுப்புக் கணக்கு. ஆனால் நமது ஜனங்கள் வட்டியை வேறு மாதிரியாகக் கணக்குப் பார்த்துப் பழகியவர்கள். நமது பக்கத்தில் ஒரு ரூபாய் வட்டி, இரண்டு ரூபாய் வட்டி என்றுதான் பேச்சு. நூற்றுக்கு மாதம் இரண்டு ரூபாய் என்றால் வருஷத்திற்கு 24 ஆகின்றது. அந்தக் கணக்கிலே 8½ வட்டி என்பது மாதம் 71 பைசாதான். "பாங்கியில் எழுபது பைசா வட்டிதான் மாப்பிள்ளை, சும்மா கிடைத்த மாதிரி" என்று ஒருவருக்கொருவர் சொல்லிக் கொள்ளுகிறார்கள். ஊர் வட்டிக்கு வாங்கினவன் அறுப்பு முடிந்ததும் திருப்ப வேண்டுமென்று துடிக்கிறான். பாங்கியில் வாங்கினவன் இருபது வருஷம் நிம்மதியாகத் தூங்குகிறான். விகிதம் குறைவு என்பது மெய். காலம் நீளம் என்பதை எண்ணிப் பார்ப்பதில்லை.

வீட்டை ஒத்திக்கு விடுகிற வழக்கம் நமது ஜில்லாவில் எல்லோருக்கும் தெரியும். மொத்தமாக ஒரு தொகை கொடுத்து வாடகையில்லாமல் குடியிருந்து, போகும்போது அதே தொகையைத் திருப்பி வாங்குகிறார்கள். அந்தத் தொகையின் வட்டிதான் வாடகை என்பது எழுத்து வாசனை இல்லாத கிழவிக்குக் கூடப் புரிகின்றது. ஒத்தியில் இவ்வளவு தெளிவாயிருக்கிற ஜனங்களுக்கு வீட்டுக் கடனில் மாத்திரம் ஏன் கண் கட்டிவிடுகின்றது? தவணை எவ்வளவு என்று மாத்திரம் ஏஜண்டு சொல்லுகிறான், இவர்களும் அதை மாத்திரமே கேட்கிறார்கள் என்பதைத் தவிர வேறு காரணம் நமக்குத் தெரியவில்லை.

"தவணை குறைய வேண்டுமா, முப்பது வருஷம் போட்டுக்கொள்ளுங்கள்" என்பது ஏஜண்டின் அடுத்த உபதேசம். அதே 20 லட்சத்திற்கு 30 வருஷமானால் மாதத் தவணை 15,378 ரூபாய். மாதம் 1,978 ரூபாய் மிச்சம். சந்தோஷந்தான். ஆனால் மொத்தம் கட்டுவது 55 லட்சத்து 36 ஆயிரம். மாதம் இரண்டாயிரம் குறைத்துக் கொண்டதற்குக் கூலி 13 லட்சத்து 70 ஆயிரம்! நாற்பது வயதில் வாங்கினவன் எழுபது வயதில் முடிக்க வேண்டும். பெற்ற பிள்ளைதான் முடிப்பான். மாறாக 15 வருஷமானால் தவணை 19,695 ரூபாய், மொத்தம் 35 லட்சத்து 45 ஆயிரம். மாதம் 2,340 ரூபாய் கூடக் கொடுக்க முடிகிறவனுக்கு 6 லட்சத்து 20 ஆயிரம் மிச்சமாகின்றது.

இருபது வருஷத்தில் ரூபாயின் மதிப்பு குறைந்து போகும், மனையின் விலை ஏறும், வாடகையும் மிச்சமாகும், இதையெல்லாம் நீ கணக்கில் சேர்க்கவில்லையே என்று ஒருவர் கேட்கலாம். நியாயமான கேள்வியே. மாதச் சம்பளம் வருஷா வருஷம் உயருகிற உத்தியோகஸ்தருக்கு இந்தப் பதில் பெரும்பாலும் சரி. வெற்றிலைக் கொடிக்காலையும் வாழையையும் பெரியாற்றுத் தண்ணீரையும் நம்பியிருக்கிறவருக்கு, ஒரு காற்றில் தோட்டமே சாய்ந்துவிடுகிறவருக்கு, மாதம் தவறாமல் வருகிற வரும்படி எங்கே இருக்கின்றது? தவணை மாத்திரம் மாதந் தவறாமல் வந்து நிற்கின்றது.

இன்னொன்று. வட்டி விகிதம் ஒரே நிலையில் நிற்பதல்ல. ரிசர்வ் பாங்கியின் ரெப்போ விகிதம் 2022 மே மாதத்திற்கு முன் 4 ஆக இருந்தது. 2023 பிப்ரவரியில் 6½ ஆகிவிட்டது. பின்பு 2025 இல் பலமுறை குறைத்தார்கள். ஏறினபோது நடந்ததைப் பாருங்கள். 2021 கடைசியில் 7 வட்டிக்கு 20 லட்சம் வாங்கினவருடைய தவணை 15,506 ரூபாய். வட்டி 9½ ஆனபோது அவர் பாக்கி 19¼ லட்சம் என்று வைத்துக்கொண்டால், ஒரு மாத வட்டி மாத்திரம் 15,240 ரூபாய். தவணையை உயர்த்தாமல் விட்டால் அசலுக்குப் போவது 270 ரூபாய் கூட இல்லை. இந்த வேகத்தில் கடன் தீர நாற்பது வருஷத்திற்கு மேல் ஆகும். தவணை மாறவில்லையாதலால் இவருக்கு ஒன்றும் தெரியாது. வருஷந்தான் சத்தமில்லாமல் நீண்டுவிடும். இந்தக் கூத்தைக் கண்டுதான் ரிசர்வ் பாங்கி 2023 ஆகஸ்டில், வட்டி மாறும்போது தவணையை உயர்த்துவதா, வருஷத்தை நீட்டுவதா, நிலையான வட்டிக்கு மாறுவதா என்று கடன்காரரைக் கேட்க வேண்டுமென உத்தரவு போட்டது. கேட்டு வாங்குகிறவன் எத்தனை பேர்?

பழைய காலத்துக் கதை ஒன்றையும் இங்கு சொல்லியாக வேண்டும். மனுதர்ம சாஸ்திரம் 8 ஆவது அத்தியாயத்தில் வட்டிக்கும் ஜாதி வகுத்திருக்கின்றது. நூற்றுக்கு மாதம் பிராமணனிடம் 2, க்ஷத்திரியனிடம் 3, வைசியனிடம் 4, சூத்திரனிடம் 5. உழைக்கிறவனுக்கு வருஷத்திற்கு 60 வட்டி! நமது சின்னமனூரில் கிடைத்த பாண்டியர் செப்பேடுகளைப் புரட்டினாலோ ஊரையே பார்ப்பனருக்குத் தானமாக எழுதிக் கொடுத்த சேதி கிடைக்கின்றது. தவணையுமில்லை, வட்டியுமில்லை. இன்றைக்குப் பாங்கியில் வட்டிக்கு ஜாதி கேட்பதில்லை என்ற வரையில் காலம் நல்லதே.

1938 இல் விவசாயிகள் கடன் நிவாரணச் சட்டம் என்று சென்னை மாகாணத்தில் ஒன்று செய்தார்கள். செய்தது ராஜகோபாலாச்சாரியார் மந்திரிசபை. அதே மந்திரிசபைதான் இந்தியைக் கட்டாயமாக்கி நமது தோழர்களைச் சிறைக்கு அனுப்பியது. அதை நாம் மறக்கவில்லை. ஆனாலும் நல்லதை நல்லதென்று சொல்லத்தானே வேண்டும். 1932 அக்டோபருக்கு முன் வாங்கிய கடனுக்கு, அசலாகவோ வட்டியாகவோ, வாங்கின தொகையில் இரண்டு பங்கு ஒரு விவசாயி கொடுத்திருந்தால் அந்தக் கடன் அடியோடு தீர்ந்தது என்று அந்தச் சட்டம் சொல்லிற்று. இரண்டு பங்கு என்பதே அன்றைக்கு அக்கிரமத்தின் எல்லை. இன்றைய பாங்கிக் கடனுக்கு அந்தச் சட்டம் பொருந்தாது. ஆனால் மேலே போட்ட 20 வருஷக் கணக்கில், 231 ஆவது தவணையில் அந்த இரண்டு பங்கைத் தாண்டிவிடுகிறோம். அதையும் ஒரு அநியாயமும் நடக்காமல், ஒழுங்காக, ரசீது வாங்கிக்கொண்டு தாண்டுகிறோம்!

கடன் பணத்தை எதில் போடுகிறோம் என்பதும் உண்டு. கடனாக வாங்கும் ஒவ்வொரு லட்சத்திற்கும் 20 வருஷத்தில் 2 லட்சத்து 8 ஆயிரம் திருப்ப வேண்டும். கிரகப்பிரவேசத்திற்கும் ஹோமத்திற்கும் புரோகிதருக்கும் பந்திக்கும் கடன் பணத்திலிருந்து 50 ஆயிரம் எடுத்தால் அதன் விலை ஒரு லட்சத்து 4 ஆயிரம். அடுப்பு அக்கினி மூலையில் இல்லையென்று வாஸ்துக்காரன் சொல்லி, கட்டின சுவரை இடித்து மறுபடியும் கட்டுகிறவர்களை இந்த ஊரிலேயே பார்த்திருக்கிறோம். சுவர் ஒன்று, கடன் இரண்டு. கடனோடு சேர்த்து இன்சூரன்சு என்று 80 ஆயிரத்தை ஏற்றிவிடுகிறார்கள். குடும்பத் தலைவன் இறந்துபோனால் பிள்ளைகளைக் காப்பாற்ற இன்சூரன்சு நல்லதுதான். ஆனால் அதைக் கடனிலே ஏற்றினால் 1 லட்சத்து 66 ஆயிரமாகின்றது. அந்த இடத்திலேயே வாங்கியாக வேண்டுமென்று சட்டமில்லை.

மனைவிமார் கையெழுத்தைப்பற்றியும் எழுத வேண்டும். கூட்டுக் கடன்தாரர் என்று அவர்களிடம் கையெழுத்து வாங்குகிறார்கள். பத்திரமோ புருஷன் பேரில் மாத்திரம். கடன் முழுவதற்கும் பொறுப்பு, வீட்டில் ஒன்றுமில்லை! 1929 இல் செங்கற்பட்டு மகாநாட்டில் பெண்களுக்குச் சொத்துரிமை கேட்டுத் தீர்மானம் போட்ட இயக்கத்தைச் சேர்ந்தவர்களின் வீடுகளிலும் இப்படியே நடக்கின்றது என்று கேள்விப்படும்போது நமக்கு வெட்கமாயிருக்கின்றது. கையெழுத்துப் போடுகிற அம்மாள், பத்திரத்தில் என் பேர் எங்கே என்று முதலில் கேட்க வேண்டும்.

இனி, வாங்கிவிட்டவர்கள் செய்ய வேண்டியது என்ன? கையில் சேருகிற பணத்தைச் சீக்கிரமாகக் கட்டுவதுதான். முதல் வருஷக் கடைசியில், தவணைக்கு மேல் ஒரு லட்சம் கட்டினால், மேற்படி கணக்கில் 26 மாதத் தவணை குறைந்துவிடுகின்றது. ஒரு லட்சம் கொடுத்து மூன்றரை லட்சம் வட்டியைத் தப்பித்துக் கொள்ளுகிறோம். பத்தாவது வருஷத்தில் கட்டினால் இவ்வளவு பலனில்லை. மாறும் வட்டிக்கு வீட்டுக் கடன் வாங்கிய தனி நபர், முன்கூட்டிக் கட்டுவதற்குப் பாங்கி அபராதம் கேட்கக்கூடாதென்று 2012 லிருந்தே உத்தரவு இருக்கின்றது. கட்டும்போது, தவணையைக் குறைக்காதே, வருஷத்தைக் குறை என்று எழுதிக் கொடுக்க வேண்டும்.

தவணை தவறினவர்கள் பாங்கி ஆளைக் கண்டு ஒளிவதில் பிரயோஜனமில்லை. 90 நாள் பாக்கி நின்றால் வராக்கடன் என்று எழுதி, 2002 ஆம் வருஷச் சட்டப்படி 60 நாள் நோட்டீசு கொடுத்து, சிவில் கோர்ட்டுக்குப் போகாமலே வீட்டை எடுக்க வழியிருக்கின்றது. அந்த நோட்டீசுக்கு எழுத்து மூலம் ஆட்சேபணை சொன்னால் 15 நாளில் பதில் கொடுத்தாக வேண்டும். எடுக்க வந்த பிறகு 45 நாளுக்குள் மதுரையிலுள்ள கடன் மீட்புத் தீர்ப்பாயத்தில் மனுப் போடலாம். விவசாய நிலத்தின் மேல் இந்தச் சட்டம் பாயாது. இதையெல்லாம் தெரியாமல், நோட்டீசை மடித்துச் சாமி படத்திற்குப் பின்னால் செருகி வைத்துவிட்டுக் குச்சனூருக்குப் போகிறவர்களுக்கு யார் என்ன செய்ய முடியும்?

வாங்கப் போகிறவர்கள் 2024 அக்டோபர் முதல் தேதியிலிருந்து கட்டாயமாக்கப்பட்டிருக்கிற முக்கிய விவரத் தாளைக் கையெழுத்துக்கு முன்னமேயே கேட்டு வாங்க வேண்டும். கட்டணங்களெல்லாம் சேர்ந்து உண்மையில் வருஷ வட்டி எவ்வளவு ஆகின்றது என்பதும், தவணை வாரியாக அசலும் வட்டியும் எவ்வளவு என்பதும் அதில் இருக்கும். கடன் தீர்ந்தவர்கள் மூலப் பத்திரத்தை 30 நாளில் கேட்டு வாங்க வேண்டும். பாங்கியின் தப்பால் தாமதமானால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் அது கொடுக்க வேண்டும். நம்மிடம் வந்த மண்டித் தோழர் இப்போது தமது தவணை அட்டவணையைப் பாங்கியிலிருந்து வாங்கி வந்து, மண்டிக் கணக்கு நோட்டின் பின்பக்கத்தில் மாதாமாதம் தாமே கழித்து எழுதி வருகின்றார். அப்படி எழுதத் தெரியாதவர்கள் தங்கள் தாளை எடுத்துக்கொண்டு ஞாயிற்றுக்கிழமை காலையில் நமது காரியாலயத்திற்கு வரலாம். அவரே உட்கார்ந்து கணக்குப் போட்டுக் காட்டச் சம்மதித்திருக்கின்றார்.