நமக்குத் தெரியாமல் போன நம் நடிகர்

தர்ஷன் தர்மராஜ் 2022 ஒக்டோபர் 2ஆம் திகதி மாரடைப்பால் காலமானார். வயது 41. சிங்களத் திரையுலகம் அதைத் தன் வீட்டுச் சாவாக எடுத்துக்கொண்டது. வெள்ளவத்தையிலும் கொட்டாஞ்சேனையிலும் 'ஆரவர்?' என்று கேட்டவர்கள்தான் அதிகம்.

இறக்குவானையில் பிறந்த தமிழர். 'ஏ 9' என்ற சிங்களத் தொலைக்காட்சி நாடகத்தில் முகம் பிடிபட்டது. 2008இல் 'பிரபாகரன்' திரைப்படம், அதே ஆண்டில் ஊபர்ட்டோ பசோலினியின் 'மச்சான்'. ஹேண்ட்போல் அணி என்று சொல்லிக்கொண்டு ஜேர்மனிக்குப் போய் மாயமானவர்களின் கதை அது. அந்தக் கூட்டத்தில் ஒருவராக அவர் நடித்தார். 2012இல் அசோக ஹந்தகமவின் 'இனி அவன்' அவரை நடுவில் நிறுத்தியது. போர் முடிந்து யாழ்ப்பாணம் திரும்பும் முன்னாள் போராளி. ஊர் முகம் கொடுக்காது, வேலை தேடிப் போன இடம் கடத்தலில் கொண்டுபோய் விடும். வசனம் கொஞ்சம்தான். அந்த மனிதன் ஒரு வீட்டுப் படலையடியில் எப்படி நிற்கிறான் என்பதிலேயே பாதிக் கதை இருந்தது. கான் திரைப்பட விழா வரை போன படம். அதன் பிறகும் அவருக்கு வாய்த்தவை பெரும்பாலும் துணைப் பாத்திரங்களே.

அவற்றிலும் போராளி, முன்னாள் போராளி என்று ஒரே சட்டையையே திரும்பத் திரும்பக் கொடுத்தார்கள். இத்தனைக்கும் சிங்களத்தின் முதல் பேசும்படத்தை 1947இல் தயாரித்தவர் எஸ்.எம். நாயகம் என்ற தமிழர். தயாரிப்பாளர் கே. குணரத்தினத்தின் ஹெந்தளை விஜயா ஸ்டூடியோ 1983 ஜூலைக் கலவரத்தில் எரிந்தது. இயக்குநர் வெங்கட் அதே கலவரத்தில் கொல்லப்பட்டார். தமிழர் தயாரித்த, இயக்கிய திரையில் பிறகு தமிழருக்கு மிஞ்சியது கொச்சைச் சிங்களம் பேசிச் சிரிப்பூட்டும் ஆள், அல்லது துவக்குத் தூக்கியவன். அந்த இரண்டாவது ஆளுக்குள் ஒரு மனிதனை வைத்துக் காட்டியதுதான் தர்ஷனின் சாதனை. அதைச் சிங்களப் பார்வையாளர் கண்டுகொண்டார்கள்.

நாம்? 2018இல் 'கோமாளி கிங்ஸ்' வந்தபோது தமிழிலும் அவரைப் பார்க்கக் கிடைத்தது. எத்தனை பேர் தியேட்டருக்குப் போனோம்? படம்பிடிக்க இடமில்லாமலும் இல்லை; இரத்மலானையிலேயே ஸ்டெயின் ஸ்டூடியோ இருக்கிறது. பெரிய பாட்டுப் போட்டிகளுக்கு அங்கே மேடை போடுகிறார்கள். பாடகர்களைத் தேட இவ்வளவு செலவழிக்கும் ஊரில், தமிழில் நடித்து மாதச் சம்பளம் எடுக்க ஒரு வழி இல்லை. மாலையானால் சென்னைத் தொடர்கள். அங்கே மாமியாராக வருபவரின் குடும்ப விபரம்கூட நமக்குத் தெரியும்.

அடுத்த இதழிலிருந்து ஈழத்து நடிகர்களின் படப்பட்டியலையும் நேர்காணல்களையும் வெளியிடுகிறோம், துணைப் பாத்திரங்களுக்கே முதலிடம் கொடுத்து. 1976இல் வந்த நம் நாட்டுத் தமிழ்ப் படம் 'கோமாளிகள்' காலத்தவரில் நம்மிடையே இருப்பவர்களிடம் தொடங்கலாம் என்று எண்ணம். பழைய திரைப்பட விளம்பரம், நோட்டீஸ், வானொலி நாடக ஒலிநாடா வைத்திருப்போர் பிரதி எடுக்கத் தாருங்கள். மூலத்தைத் திருப்பித் தருவோம்.