படத்துக் காரட்டும் தட்டுக் கீரையும்

பெங்களூரில் நம் தமிழ்க் குடும்பங்கள் கூடுகிற இடத்தில் பிள்ளைகளைப் பற்றிப் பேச்செடுத்தால் இரண்டு கவலைகள் முன்னால் வந்து நிற்கும். பிள்ளைக்குத் தமிழ் எழுதப் படிக்க வரவில்லை என்பது ஒன்று. பிள்ளை ஒழுங்காகச் சாப்பிட மாட்டேன் என்கிறது என்பது மற்றொன்று. முதல் கவலைக்கு ஞாயிற்றுக்கிழமை வகுப்பு வைக்கிறோம், ஒப்புவித்தல் போட்டி நடத்துகிறோம், மேடையில் ஏற்றிப் பரிசு கொடுக்கிறோம். இரண்டாவதை மட்டும் அவரவர் வீட்டு அடுப்படிச் சமாசாரம் என்று விட்டுவிடுகிறோம். அப்படி விடக்கூடாது என்பது என் கட்சி.

இருபது வருஷங்களுக்கு மேல் இந்த ஊரில் மூன்று முதல் ஐந்து வயதுக் குழந்தைகளுக்கு வகுப்பெடுத்தவள் நான். நர்சரி வகுப்பானாலும் அரசாங்க அங்கன்வாடியானாலும் சுவரில் ஒரே மாதிரிப் படம் தொங்கும். காரட், ஆப்பிள், ஒரு தம்ளர் பால், ஒரு முட்டை. குழந்தைகள் 'குட் ஃபுட், பேட் ஃபுட்' என்று ராகம் போட்டு ஒப்பிக்கும். ஒப்பித்து முடித்து மணி அடித்ததும் டிபன் பாக்ஸைத் திறந்தால் உள்ளே கிரீம் பிஸ்கட் இருக்கும். பாடம் நடத்தியவளுக்கும் பிஸ்கட் வைத்தவளுக்கும் நடுவில் ஒரு பேச்சுவார்த்தையும் நடந்திருக்காது. குழந்தைக்கு இதில் குழப்பமே கிடையாது. படத்தில் இருப்பது சொல்வதற்கு, டப்பாவில் இருப்பது தின்பதற்கு என்று அது வெகு சீக்கிரம் புரிந்துகொள்கிறது.

இதனால் என்ன கெட்டுப்போயிற்று என்று கேட்பவர்களுக்காக ஒரு கணக்கு. 2019 முதல் 2021 வரை எடுக்கப்பட்ட ஐந்தாவது தேசியக் குடும்பநலக் கணக்கெடுப்பில், கர்நாடகத்தில் ஆறு மாதம் முதல் ஐந்து வயது வரையுள்ள குழந்தைகளில் நூற்றுக்கு 65 பேருக்கு மேல் ரத்தசோகை உள்ளவர்கள் என்று தெரிந்தது. தமிழ்நாட்டில் 57 பேர். முந்தைய கணக்கெடுப்பைவிட இரண்டு மாநிலங்களிலும் கூடியிருக்கிறதே தவிரக் குறையவில்லை. சோற்றுக்கு இல்லாத வீட்டுச் சங்கதி என்று ஒதுக்க முடியாது. வசதியான வீடுகளிலும் இந்தக் குறை ஏராளம். வகுப்பில் மத்தியானமே சோர்ந்து டெஸ்க்கின் மேல் தலையைச் சாய்க்கிற பிள்ளையைச் சோம்பேறி என்று சொல்வதற்கு முன்னால் அதன் கண்ணிமையின் உட்புறத்தைப் பார்க்க வேண்டும். வெளுத்திருந்தால் டாக்டரிடம் காட்ட வேண்டும்.

நம் வீடுகளில் இதற்குத் துணைபோகிற பழக்கம் ஒன்று உண்டு. குழந்தை அடம்பிடித்தால் அரை தம்ளர் டீயில் பிஸ்கட்டை நனைத்துக் கொடுத்துவிடுவது. டீயும் காப்பியும் சாப்பாட்டிலுள்ள இரும்புச்சத்தை உடம்பு எடுத்துக்கொள்ளவிடாமல் தடுக்கும். சாப்பாட்டோடு எலுமிச்சம்பழம், நெல்லிக்காய், கொய்யா ஏதாவது சேர்ந்தால் அதே இரும்புச்சத்து நன்றாகச் சேரும். பாலும் நல்லதுதான். ஆனால் சாப்பிடாத குழந்தைக்கு நாள் முழுக்கப் பாலைக் கொடுத்தே வயிற்றை நிரப்பினால், அப்புறம் பருப்புக்கும் கீரைக்கும் இடம் ஏது? பாலில் இரும்புச்சத்து இல்லை என்றே சொல்லலாம்.

அங்கன்வாடியை எடுத்துக்கொள்வோம். 1975 அக்டோபர் 2-ஆம் தேதி நாடு முழுவதும் 33 இடங்களில் இந்தத் திட்டம் தொடங்கியது. கர்நாடகத்தில் மைசூர் பக்கத்து டி. நரசிபுராவில் ஆரம்பித்தார்கள். அதன் ஆறு சேவைகளில் இரண்டைப் பாருங்கள். மூன்று முதல் ஆறு வயதுக் குழந்தைக்கு முன்பருவக் கல்வி. 15 முதல் 45 வயதுவரை உள்ள பெண்களுக்கு ஊட்டச்சத்துக் கல்வி. ஒரே கூரையின் கீழ் இரண்டு பாடம், இரண்டு தனித்தனி மாணவர்கள். குழந்தையும் தாயும் சேர்ந்து உட்கார்ந்து கற்கிற பாடமாக அது பெரும்பாலும் அமையவில்லை. தகப்பனார் என்ற ஒருவர் அந்தப் பட்டியலிலேயே இல்லை! சாயந்திரம் வேலை விட்டு வரும்போது பெட்டிக்கடையில் நின்று, தோரணமாகத் தொங்குகிற சிப்ஸ் பாக்கெட்டில் ஒன்றைக் கிழித்து வாங்கி வருகிறவர் யார்? பெரும்பாலும் அவர்தான். பாசத்தோடுதான் வாங்கி வருகிறார், குறை சொல்லவில்லை. பாடத்தை அவருக்கும் சேர்த்து நடத்தியிருக்க வேண்டும் என்கிறேன்.

வீட்டையும் சேர்த்துக்கொண்டு நடந்த வேலை நம் தமிழ்நாட்டிலேயே உண்டு. உலக வங்கிக் கடனுதவியோடு தமிழ்நாடு ஒருங்கிணைந்த ஊட்டச்சத்துத் திட்டம் 1980-இல் மதுரை மாவட்டம் கொட்டாம்பட்டியில் ஆரம்பமாயிற்று. ஆறு மாதம் முதல் மூன்று வயது வரையுள்ள குழந்தைகளை மாதந்தோறும் எடை போட்டு, தாயின் கண் முன்னாலேயே அட்டையில் கோடு இழுத்தார்கள். கோடு ஏறாத குழந்தைக்கு மட்டும் சத்துருண்டை. எடை ஏறியதும் நிறுத்திவிடுவார்கள். உருண்டை பிடித்தவர்களும் அந்தந்த ஊர்ப் பெண்கள் குழுவினரே. எழுதப் படிக்கத் தெரியாத தாய்க்கும் கோடு மேலே போகிறதா படுத்துக் கிடக்கிறதா என்று பார்த்தவுடனே புரிந்தது. கடுமையான ஊட்டக்குறைவு அந்தப் பகுதிகளில் நன்றாகக் குறைந்ததாக ஆய்வுகள் சொல்லின. 1982 ஜூலையில் எம்.ஜி.ஆர். தொடங்கிய சத்துணவுத் திட்டத்தை எல்லோரும் நினைவில் வைத்திருக்கிறோம். கொட்டாம்பட்டி எடைத் தராசை மறந்துவிட்டோம். எனக்கென்னவோ அதற்கும் ஒரு சிலை வைக்கலாம் என்று தோன்றும்.

கொட்டாம்பட்டியில் பணியாளரும் தாயும் ஒரே பாஷை பேசினார்கள். நமக்கு இங்கே அந்த வசதி இல்லை. வேலையிலிருந்து ஓய்வு பெற்ற பிறகு, பக்கத்து அங்கன்வாடியில் தமிழ்த் தாய்மாரிடம் பேச என்னைக் கூப்பிடுவதுண்டு. திருவண்ணாமலைப் பக்கத்திலிருந்து கட்டட வேலைக்கு வந்த ஒரு பெண். குழந்தை எடை ஏறவில்லை. "மகுவிகே சொப்பு கொடி" என்று டீச்சர் மூன்று மாதமாகச் சொல்லிக்கொண்டிருக்கிறார். நான் போய் விசாரித்தால் அந்தப் பெண் சொல்கிறாள்: "அதான் டீச்சரம்மா, சொப்பு குடு சொப்பு குடுன்னு சொன்னாங்களேன்னு போன மாசமே சந்தையில வாங்கிக் குடுத்துட்டேன். அது பாட்டுக்கு வெளையாடிக்கிட்டுதான் கெடக்கு." கன்னடத்தில் சொப்பு என்றால் கீரை. நமக்குச் சொப்பு என்றால் விளையாட்டுச் சாமான். டீச்சரும் சிரித்தார், அவளும் சிரித்தாள், ஆனால் குழந்தைக்கு மூன்று மாதம் போனது போனதுதான்.

பல டீச்சர்களுக்கு நல்ல தமிழ் வரும் என்பதையும் சொல்லிவிடுகிறேன். இது பழைய பெங்களூர்க்காரர்களின் பெருந்தன்மை. ஆனால் நாமும் ஒரு அடி எடுத்து வைக்க வேண்டாமா? ராகி என்பது நம் கேழ்வரகுதான். முத்தே என்பது தருமபுரி, கிருஷ்ணகிரிப் பக்கத்துக் களிக்குச் சகோதரன். நுக்கே சொப்பு முருங்கைக்கீரை, மெந்த்ய சொப்பு வெந்தயக்கீரை, ஹெசரு காளு பச்சைப்பயறு. கோசம்பரி நம் வீட்டு விசேஷங்களுக்கும் புதிதல்ல. அங்கன்வாடியில் போடுகிற சாப்பாட்டை 'கன்னடச் சாப்பாடு, நம்ம புள்ளைக்கு ஒத்துக்காது' என்று சொல்கிற தாய்மாரைப் பார்த்திருக்கிறேன். அவர்களுடைய பாட்டி தின்று வளர்ந்த களியைத்தான் அவர்கள் அந்நியம் என்கிறார்கள்! ஊரை விட்டு வந்து நாலு காசு பார்த்ததும் கேழ்வரகை விட்டு வெள்ளை அரிசிக்கு மாறுவதை முன்னேற்றம் என்று நினைத்துவிட்டோம். நூறு கிராம் கேழ்வரகில் 340 மில்லிகிராமுக்கு மேல் சுண்ணாம்புச்சத்து. அரிசியில் பத்து மில்லிகிராம் தேறினால் அதிகம்.

ஆங்கில நர்சரிகளின் கதை வேறு. ஒரு பள்ளியில் இடைவேளைக்கு 'உலர்ந்த தின்பண்டம் மட்டும்' என்று சுற்றறிக்கை அனுப்பினார்கள். காரணம் கேட்டால் தரை அழுக்காகிறதாம். உலர்ந்தது என்றால் பிஸ்கட், சிப்ஸ், கேக் என்றுதானே பெற்றோர் எடுத்துக்கொள்வார்கள்? அங்கே முருங்கைக்கீரை அடை கொண்டு வந்த ஒரு குழந்தையை மற்றவை 'ஸ்மெல்' என்று சொல்லிவிட்டன. மறுநாளிலிருந்து அந்தக் குழந்தை டப்பாவைத் திறக்கவே மறுத்தது. அழுக்கைத் துடைக்கத் துணி போதும், நாலு வயதில் தன் வீட்டுச் சாப்பாட்டைப் பார்த்து வருகிற கூச்சத்தைத் துடைக்க ஒரு ஆயுசு வேண்டியிருக்கும். இதைத் தலைமையாசிரியையிடம் சொன்னோம். வாரத்தில் இரண்டு நாள் என்று பாதி இறங்கி வந்தார்கள்.

மற்ற குழந்தைகளின் தட்டு எவ்வளவு முக்கியம் என்பதை லீன் பர்ச் என்ற அமெரிக்க ஆய்வாளர் அழகாகக் காட்டியிருக்கிறார். ஒரு காய் பிடிக்காத குழந்தையை, அந்தக் காயை விரும்பித் தின்கிற குழந்தைகளோடு சில நாட்கள் உட்கார வைத்தார். பிடிக்காது என்ற குழந்தையும் தின்னத் தொடங்கியது. இது 1980-இல் வந்த ஆய்வு. ஒரே பிள்ளை உள்ள வீட்டில் இதைச் செய்ய முடியாது. பள்ளிக்கூடத்தால்தான் முடியும். இன்னொன்றையும் அவர் கண்டார். புதிய பண்டத்தை ஒரு தரம் இரண்டு தரம் துப்பிவிட்டால் பிடிக்கவில்லை என்று முடிவு கட்டக் கூடாது. பத்துப் பதினைந்து தரம் கொஞ்சம் கொஞ்சமாக ருசி பார்த்த பிறகுதான் பிடிப்பு வருகிறது. இதைப் பள்ளிக்கூடம் மட்டும் செய்ய முடியாது. வீட்டு அடுப்படி வேண்டும்.

மூன்றாவதாக ஒன்று இருக்கிறது. இதைத் தாத்தா பாட்டிமார் கோபிக்காமல் படிக்க வேண்டும். 'இதைக் குடித்தால் உனக்கு அது தருவேன்' என்று பரிசு காட்டிக் குடிக்கவைத்த பானத்தைக் குழந்தைகள் பிற்பாடு முன்னைவிடக் குறைவாகவே விரும்பின என்று 1984-இல் வந்த அவருடைய இன்னொரு ஆய்வு சொல்கிறது. யோசித்தால் நியாயம்தான். கீரை சாப்பிட்டால் சாக்லேட் என்று சொல்லும்போது நாம் குழந்தைக்கு என்ன சொல்லிக் கொடுக்கிறோம்? கீரை என்பது கஷ்டப்பட்டு முடிக்க வேண்டிய வேலை, சாக்லேட் அதற்குக் கூலி. சீரியலையும் செல்போனையும் காட்டி ஊட்டுவதும் இந்த வகையைச் சேர்ந்ததே. வாய் திறக்கும், ருசி மனதில் ஏறாது. தட்டில் என்ன வைப்பது, எப்போது வைப்பது என்பதைப் பெரியவர்கள் தீர்மானிக்கட்டும். எவ்வளவு என்பதை அதன் வயிறு தீர்மானிக்கட்டும். மிச்சம் வைத்தால் பூமாதேவி கோபித்துக்கொள்ள மாட்டாள். கொஞ்சமாக வைத்து, கேட்டால் மறுபடி வைக்கலாமே.

'இரண்டு பேரும் வேலைக்குப் போகிறோம், காலை ஏழரைக்கு வேன் வந்துவிடுகிறது, கோசம்பரிக்கெல்லாம் நேரம் ஏது' என்று கேட்பீர்கள். நியாயமான கேள்வி. வெறும் தாயின் தலையில் இன்னொரு சுமையை ஏற்றுவது என் நோக்கமல்ல. ராத்திரி பயறை ஊறப்போட ஒரு ஆண்பிள்ளைக்குத் தெரியாதா? ஒயிட்ஃபீல்டில் ஒரு இளந்தகப்பனார் ஞாயிற்றுக்கிழமை கேழ்வரகு மாவில் வெல்லமும் எள்ளும் சேர்த்து உருண்டை பிடித்து வாரத்துக்கு வைத்துவிடுகிறார். உருண்டை ஒன்றும் வட்டமாக இருக்காது. பையன் தானும் கூடப் பிடித்தான் என்பதால் அதைத்தான் எல்லாருக்கும் காட்டிக் காட்டித் தின்கிறான். (சுண்டலும் கடலையும் கொடுக்கிறவர்கள் ஒன்றைக் கவனிக்க வேண்டும். நாலு வயதுக்கு உட்பட்டவர்களுக்கு முழுக்கடலை தொண்டையில் அடைக்கும். நன்றாக வேகவைத்து மசித்தோ, பொடித்தோதான் கொடுக்க வேண்டும்.)

மத்திய அரசும் 2023 மே மாதத்தில் அங்கன்வாடிகளில் ஊட்டத்தையும் படிப்பையும் சேர்த்து நடத்தும் ஒரு திட்டத்தை அறிவித்துப் பணியாளர்களுக்குப் பயிற்சி கொடுக்கத் தொடங்கியது. நல்ல காரியம். ஆனால் டீச்சருக்குக் கொடுக்கிற பயிற்சி குடும்பத்தை வந்தடைய யாராவது ஒருவர் நடுவில் நின்று பேச வேண்டும். ஈஜிபுராவிலும் ஸ்ரீராமபுரத்திலும் அந்த வேலையை நம் சங்கத்தைவிட யார் நன்றாகச் செய்ய முடியும்? மாதம் ஒரு ஞாயிறு வகுப்பை அரை மணி முன்னால் முடித்துக்கொண்டு, அந்தந்தப் பகுதி அங்கன்வாடி டீச்சரை மரியாதையோடு அழைத்து, தாய் தகப்பன் பாட்டி எல்லோரையும் உட்கார வைத்துப் பேசச் சொல்லலாம். கன்னடமும் தமிழும் தெரிந்தவர் பக்கத்தில் இருந்தால் போதும். பேச்சுக்குப் பிறகு காப்பி பிஸ்கட் கொடுக்காமல் இருக்க வேண்டும் என்று காரியக் கமிட்டியைக் கேட்டுக்கொள்கிறேன்.

சுவர்ப் படத்தையும் மாற்றியாக வேண்டும். ஆப்பிளை எடுத்துவிட்டுக் கொய்யா, காரட்டோடு முருங்கைக்கீரை, ஒவ்வொன்றுக்கும் கீழே கன்னடத்தில் ஒரு பெயர், தமிழில் ஒரு பெயர். சொப்பு என்று எழுதிய இடத்தில் கீரை என்றும் எழுதியிருக்கும். வரையத் தெரிந்த பெரிய பிள்ளைகள் நம் வகுப்பில் ஐந்தாறு பேர் இருக்கிறார்கள். எழுத்துப் பிழை பார்க்க நான் இருக்கிறேன். கார்த்திகை மாதத்துக் கடைசித் திங்கட்கிழமை பசவனகுடியில் கடலேகாய் பரிஷே வரும். சின்னதுகளைக் கூட்டிக்கொண்டு போய்க் குவியல் குவியலாகக் காட்டிவிட்டு வந்தால், முதல் படத்துக்கு வேர்க்கடலைச் செடியையே வேரோடு வரையச் சொல்லலாம்.