பாலு மகேந்திரா கேட்ட காப்பகம்

மட்டக்களப்பை அடுத்த அமிர்தகழியில் 1939-இல் பிறந்த பாலு மகேந்திரா, புனே திரைப்படக் கல்லூரியில் ஒளிப்பதிவு பயின்றவர். ராமு காரியத்தின் ‘நெல்லு’ படத்துக்காகக் கேரள மாநில விருது பெற்றார். கறுப்பு வெள்ளையில் ‘கோகிலா’, வண்ணத்தில் ‘மூன்றாம் பிறை’ என இரு வகைக்கும் ஒளிப்பதிவுக்கான தேசிய விருது அவரைத் தேடி வந்தது. ‘முள்ளும் மலரும்’, ‘சங்கராபரணம்’ என மற்ற இயக்குநர்களின் படங்களிலும் அவருடைய கேமரா தனித்துத் தெரிந்தது. இத்தனை பெருமைக்குப் பிறகும் அவர் இறுதிக்காலத்தில் மேடைதோறும் கேட்டது ஒன்றைத்தான்: தமிழ்ப் படங்களைப் பாதுகாக்க ஓர் ஆவணக் காப்பகம். ‘வீடு’, ‘சந்தியா ராகம்’ போன்ற தம் படங்களின் நெகட்டிவே இல்லாமல் போய்விட்டது என்ற வேதனை அந்தக் கோரிக்கைக்குள் இருந்தது. 2014 பிப்ரவரியில் அவர் மறைந்தார். பத்தாண்டுகள் கடந்தும், தமிழ்த் திரையின் முழுச் செல்வத்தையும் காக்கும் காப்பகம் நம்மிடம் இல்லை. அதைத் தமிழ்நாடு அரசே முன்னின்று அமைக்க வேண்டும்.

படம் அழிந்தால் எல்லாக் கலைஞர்களுக்கும் இழப்புதான். ஆனால் ஒளிப்பதிவாளருக்கு எதுவுமே மிஞ்சுவதில்லை. பாடல்கள் இசைத்தட்டில் தனியே வாழும். வசனத்தை அச்சிட்டுப் படிக்கலாம். நல்ல நடிப்பு மங்கிய பிரதியிலும் ஓரளவு துலங்கும். ஒளிப்பதிவு என்பதோ நிழலின் அடர்த்தியும் நிறத்தின் நுட்பமுமே. வண்ணப் படச்சுருளை வெப்பத்திலும் ஈரப்பதத்திலும் போட்டுவைத்தால், பெரும்பாலும் நீலப்பச்சைச் சாயம் முதலில் வெளிறும். காட்சி முழுவதும் செம்மை படர்ந்துவிடும். நீலகிரியின் பசுமை பழுப்பாகும். ‘மூன்றாம் பிறை’யின் இறுதியில் கேத்தி ரயில் நிலையத்தில் பெய்யும் மழையின் சாம்பல் வெளிச்சம் சேறுபோல் கலங்கித் தெரியும். சாளர வெளிச்சத்தையும் அந்தந்த நேரத்து வெயிலையும் நம்பிப் படமெடுத்த ஒருவரின் கலையை அத்தகைய பிரதியை வைத்து எடைபோடுவது அநியாயம். சின்னத்திரையின் நிலை இன்னும் மோசம். தமிழ் எழுத்தாளர்களின் சிறுகதைகளை அவர் படமாக்கிய ‘கதை நேரம்’ போன்ற தொடர்கள் காந்த நாடாக் காலத்தைச் சேர்ந்தவை. நாடாவும் நலியும், அதை ஓட்டும் கருவிகளும் அருகிவருகின்றன.

எல்லாம்தான் யூடியூபில் கிடைக்கிறதே என்று கேட்கலாம். அங்கே கிடைப்பவற்றில் பெரும்பாலானவை, தொலைக்காட்சிக்காகவோ டிவிடிக்காகவோ எப்போதோ எடுத்த பிரதிகள். ஓரம் வெட்டுப்பட்டு, நிழல்கள் கறுத்துப்போய், சுருக்கப்பட்ட கோப்புகள். கதையை அறிய அவை உதவும். ஒளியை அறிய உதவா. புனேயில் 1964 முதல் தேசியக் காப்பகம் இருக்கிறதே என்பது அடுத்த கேள்வி. அதன் பணி மகத்தானது. ஆனால் 2003-இல் நேர்ந்த தீவிபத்தில் அங்கேயே பல பழைய நைட்ரேட் சுருள்கள் எரிந்துபோயின. ஒரே இடத்தை நம்பியிருப்பது ஆபத்து என்பதற்கு வேறு சான்று வேண்டாம். அதே புனேயிலிருந்த பிரதிகளைக் கொண்டுதான் அரவிந்தனின் மலையாளப் படமான ‘கும்மாட்டி’ அண்மையில் மீட்டெடுக்கப்பட்டது. எங்கோ ஒரு பிரதி பத்திரமாக இருந்ததால்தான் அது முடிந்தது. எடுத்தவர் உயிரோடு இருக்கும்போதே இந்த வேலையைச் செய்வதும் முக்கியம். இந்தக் காட்சியில் வானம் எந்த நிறத்தில் இருந்தது என்று அவரைத்தானே கேட்க முடியும்?

படம் தயாரிப்பாளரின் சொத்து, அரசு ஏன் செலவிட வேண்டும் என்ற வாதத்தை எளிதில் ஒதுக்கிவிட முடியாது. காப்பகத்தில் ஒப்படைப்பதால் உரிமை கைமாற வேண்டியதில்லை. ஒப்பந்தத்தில் அதைத் தெளிவாக எழுதிக்கொள்ளலாம். கிடங்கு வாடகை கட்ட முடியாமல் சுருள்களைக் கைவிட்ட தயாரிப்பாளர்களின் வாரிசுகளுக்கு இது பெரும் உதவியாகவும் அமையும். குறைந்த செலவில் எடுக்கப்படும் தரமான படங்களுக்கு அரசு மானியம் தருகிறது. அந்தப் படங்களின் மூலப்பிரதி ஒன்றைக் காப்பகத்துக்குத் தர வேண்டும் என்பதை மானிய விதியாகவே ஆக்கலாம். டிஜிட்டல் படங்களுக்கும் இது பொருந்தும். ஹார்டு டிஸ்க்கும் ஒருநாள் திறக்க மறுக்கும். பூந்தமல்லி அருகே ரூ.500 கோடியில் திரைப்பட நகரம் அமைக்கப்போவதாக அறிவித்த அரசுக்கு, குளிரூட்டிய கிடங்கும் ஸ்கேனரும் பயிற்சி பெற்ற பணியாளர்களும் எட்டாத செலவல்ல. புதிய படங்களுக்குத் தளம் அமைக்கும்போதே பழைய படங்களுக்கும் அங்கே இடம் ஒதுக்கலாம். தரமணி எம்.ஜி.ஆர். திரைப்படக் கல்லூரி மாணவர்கள் தங்கள் முன்னோடிகளின் ஒளியை மூலப்பிரதியிலிருந்தே கற்க அது வழிசெய்யும். விருதும் நினைவஞ்சலியும் கலைஞருக்குச் செய்யும் மரியாதை. அவருடைய படத்தை அடுத்த தலைமுறைக்குச் சிதையாமல் கொடுப்பது நம் கடமை. நெகட்டிவ்கள் நாளுக்கு நாள் நலிந்துவருகின்றன. வரும் நிதிநிலை அறிக்கையிலேயே இதற்கு நிதி ஒதுக்க வேண்டும்.